இடது தொடை, பழைய முறிவு

செப்டம்பர் 11

இந்த நோட்டை ஆஸ்பத்திரியில் கொடுத்தார்கள். வலி பத்துக்கு எத்தனை, காய்ச்சல் உண்டா, மோஷன் போனதா, எல்லாவற்றையும் தேதி போட்டு எழுத வேண்டுமாம். எழுதுவது எனக்குப் புதிதில்லை. விருதுநகர் பைபாஸ் எடைமேடையில் இருபது வருஷமாக லாரி நம்பரும் எடையும் எழுதிக்கொண்டிருப்பவள் நான்.

பெயர் சந்தனமாரி. வயது 44. கல்யாணம் ஆகவில்லை. நானும் அம்மாவும் மட்டும்தான். அப்பா இறந்து ஒன்பது வருஷம் ஆகிறது.

முந்தாநாள் சாயங்காலம் வேலை முடிந்து திரும்பும்போது வளைவில் கிடந்த மணலில் ஸ்கூட்டி வழுக்கியது. யாரும் இடிக்கவில்லை, நானாகத்தான் விழுந்தேன். வண்டி மேலே விழுந்ததில் இடது தொடை எலும்பு நடுவில் இரண்டாகிவிட்டது. நாளைக்கு ஆபரேஷன். உள்ளே கம்பி வைப்பார்களாம்.

அம்மா வந்ததும் கட்டிலின் கால்மாட்டில் நின்றாள். என் வலது பாதத்தைத் தொட்டு, "இந்தக் கால் நல்லாத்தான இருக்கு" என்றாள். இடது கால் பக்கம் பார்வை போகவே இல்லை. பயந்திருக்கிறாள்.

வலி 8.


செப்டம்பர் 13

இரண்டு மணி நேரம் என்றார்கள். ஐந்து மணி நேரம் ஆனது.

முதுகில் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மரத்துப்போகச் செய்தார்கள். நெஞ்சுக்கு மேலே பச்சைத் துணியைத் திரை மாதிரி கட்டினார்கள். வலி துளியும் இல்லை. ஆனால் காது நன்றாகக் கேட்டது. எலும்புக்குள் கம்பியைச் சுத்தியலால் அடித்து இறக்குகிறார்கள். ஒவ்வொரு அடிக்கும் நான் மேசையில் கொஞ்சம் மேலே நகர்ந்தேன். யாருடைய உடம்பையோ அடிக்கிற மாதிரிதான் இருந்தது.

திடீரென்று சத்தம் நின்றது. டாக்டர் கதிரேசன், "போகமாட்டேங்குதே" என்றார். யாரோ படத்தைத் தூக்கிப் பிடித்தார்கள். "இங்க பாரு. இது பழைய முறிவு. வளைஞ்சு கூடியிருக்கு. நாட்டுக்கட்டுப் போட்டிருக்காங்க."

எனக்கு எலும்பு முறிந்ததே கிடையாது. அதைச் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் மறுபடி தட்ட ஆரம்பித்துவிட்டார்கள்.

இந்தத் தடவை சத்தம் காலிலிருந்து வரவில்லை. தலைக்கு மேலிருந்து வந்தது, ஒரு சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து. வாயெல்லாம் சுண்ணாம்பு ருசி. "இங்கதான் இருக்கேன்" என்று கத்தினேனாம். மயக்க மருந்து டாக்டர் குனிந்து, "என்னம்மா, இங்கதான இருக்கீங்க" என்று சொல்லி இன்னொரு ஊசி போட்டார்.

மருந்து அப்படியெல்லாம் செய்யும் என்றார்கள். வலி 7.


செப்டம்பர் 15

டாக்டர் ரவுண்ட்ஸ் வந்தார்.

"சின்ன வயசுல எங்கயாவது விழுந்தீங்களா?"

"இல்ல டாக்டர்."

அம்மாவிடம் திரும்பினார். "அம்மா, உங்களுக்கு ஞாபகம் இருக்குமே. நாலஞ்சு வயசுல இந்தக் கால் உடைஞ்சிருக்கணும்."

"என் பிள்ளைக்கு எலும்பு உடைஞ்சதே இல்லய்யா. ஒரு கீறல்கூடக் கிடையாது."

டாக்டர் எக்ஸ்ரேயை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து விரலால் காட்டினார். புது முறிவுக்கு நாலு விரல் கீழே எலும்பு வில் மாதிரி வளைந்து தடித்திருந்தது. "இதனாலதான் இந்தக் கால் ஒரு சென்டிமீட்டர் கட்டை. வளைஞ்ச இடத்தை வெட்டி நேராக்கின பிறகுதான் கம்பியே இறங்கிச்சு."

அம்மா படத்தைப் பார்க்கவில்லை. ஜன்னலுக்கு வெளியே சைக்கிள் ஸ்டாண்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "மிஷின் தப்பாக் காட்டும்யா" என்றாள்.

டாக்டர் சிரித்துவிட்டுப் போனார்.

எனக்கு எப்போதும் இடது செருப்பு ஒரு ஓரமாகத்தான் தேயும். டெய்லர் புஷ்பா அக்கா சுடிதார் பேன்ட்டில் ஒரு காலைக் கொஞ்சம் ஏற்றித் தைப்பாள். கேட்டால், "உன் இடுப்பு கோணல்டி" என்பாள். அவ்வளவுதான் என்று விட்டுவிட்டேன்.

அம்மாவுக்கு எழுபது ஆகப்போகிறது. மறந்திருப்பாள்.


செப்டம்பர் 20

வீட்டுக்கு வந்தாயிற்று. ஆம்புலன்ஸிலிருந்து தூக்கி முன்னறைக் கட்டிலில் போட்டார்கள். வயிற்றில் தினம் ஒரு ஊசி, ரத்தம் கட்டாமலிருக்க. ஆறு வாரத்துக்கு இடது காலை ஊன்றக் கூடாது.

எடைமேடை அண்ணாச்சி போன் பண்ணினார். "மெதுவா வா தாயி, உன் நாற்காலி அப்படியேதான் இருக்கும்" என்றார். நிம்மதியாக இருந்தது.


செப்டம்பர் 26

தையல் பிரித்தார்கள். முப்பத்தி நாலு.

பிசியோதெரபிக்கு மெகர்நிஷா என்ற பெண் வாரம் மூன்று நாள் வீட்டுக்கு வருகிறாள். கை மென்மையாக இருக்கும், மனசில் துளி இரக்கம் கிடையாது. முட்டியை மடக்கச் சொல்லி எண்ணுவாள். நான் அழுதால் ஒன்றிலிருந்து மறுபடி எண்ணுவாள்.

அவள் போனதும் அம்மா எண்ணெய் கிண்ணத்தோடு வந்து உட்காருகிறாள். வலது காலுக்கு மட்டும் தேய்த்துவிடுகிறாள். "அம்மா, அந்தக் கால்தான் வலிக்குது" என்றேன். "தெரியும், தெரியும்" என்றாள். வலது காலையே தேய்த்துக்கொண்டிருந்தாள்.

வலி 6.


அக்டோபர் 2

வலி 4. மழை. சுவரோரம் படுக்கக் கூடாது என்று கட்டிலை அறை நடுவுக்கு அம்மா ஒற்றை ஆளாக இழுத்துப் போட்டாள். நான் மேலே படுத்திருக்கும்போதே.


அக்டோபர் 8

எழுதலாமா என்று தெரியவில்லை. மெகர்நிஷா இந்த நோட்டை வாங்கிப் பார்ப்பாள். அதனால் இனிமேல் இதையெல்லாம் பின்பக்கத்திலிருந்து எழுதுகிறேன்.

அம்மா மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு அடுப்படிக் கதவைச் சாத்திக்கொள்கிறாள். உள்ளே யாருடனோ பேசுகிறாள். போன் முன்னறையில் என் பக்கத்தில்தான் இருக்கிறது. முதலில் முனகல் என்று நினைத்தேன். முனகல் இல்லை. ஒரு ஆளிடம் பேசுகிற மாதிரி, பதிலுக்கு நேரம் விட்டு விட்டுப் பேசுகிறாள்.

இன்று நன்றாகவே கேட்டது. "அவளுக்குக் கால் இப்படி ஆகிப்போச்சுடி... ஆமா, அதே கால்தான்... நீ கோவிச்சுக்கிடாத. இந்த வருஷம் எப்படி வருவேன்னு தெரியல."

வெளியே வந்ததும், "யாரும்மா உள்ள?" என்றேன்.

"யாரு இருக்கா? பாத்திரம் கழுவுனேன்."

கை ஈரமாக இல்லை.

நாள் பூராவும் என்னையே பார்த்துக்கொண்டு அடைந்து கிடக்கிறாள். வயசானவர்கள் தனக்குத் தானே பேசிக்கொள்வது சகஜம்தான்.


அக்டோபர் 13

இன்னொன்று. மதியம் கண்ணை மூடிப் படுத்திருக்கும்போது என் வலது கைக்குள் இன்னொரு கை இருக்கிறது. சின்னக் கை. பிடி தளர்ந்த கை. கண்ணைத் திறந்தால் போய்விடும்.

மெகர்நிஷாவிடம் சொன்னேன். "வலி மாத்திரை ஒத்துக்கலை போல, டாக்டர்கிட்ட மாத்தச் சொல்றேன்" என்றாள். "பயமா இருக்கா அக்கா?"

பயமில்லை. அந்தக் கை சில்லென்று இருக்கிறது. அதைச் சூடாக்க வேண்டும் என்றுதான் தோன்றுகிறது.


அக்டோபர் 25

ஆறு வாரம். எக்ஸ்ரே. முறிந்த இடத்தைச் சுற்றிப் புகை மாதிரி வெண்மை படர்ந்திருக்கிறது. "எலும்பு ஊறுது, நல்லா இருக்கு" என்றார் டாக்டர். வாக்கர் பிடித்து, கொஞ்சமாக எடை போட்டு ஊன்றலாம். வீட்டுத் தராசில் காலை வைத்து இருபது கிலோ எவ்வளவு என்று பழகச் சொன்னார். இது எனக்குப் பிடித்த வேலை.

எக்ஸ்ரே கவரை பீரோ மேல் வைத்தேன். திரும்பிப் பார்ப்பதற்குள் அம்மா அதைச் சுவர் பக்கம் திருப்பி வைத்திருந்தாள். சாமி படத்தைத் தீட்டு நாளில் திருப்பி வைப்பது போல.

பழைய தகரப் பெட்டியை எடுத்துத் தரச் சொன்னேன். பிறந்த சர்டிபிகேட், பள்ளிக்கூட சர்டிபிகேட் எல்லாம் இருந்தன. இன்ஷூரன்ஸுக்குத் தேவைப்படும் என்று பொய் சொன்னேன். ஏன் பொய் சொன்னேன் என்று தெரியவில்லை.

பெட்டியில் ஒரு போட்டோ. ஸ்டுடியோ நாற்காலியில் மூன்று வயசுப் பிள்ளை, மொட்டைத் தலை, காதில் புதுத் தோடு. பின்னால் அப்பா கையெழுத்தில், சந்தனமாரி, காதுகுத்து. அதற்கடுத்த போட்டோவில் எனக்கு ஏழு வயசு. நடுவில் ஒன்றுமே இல்லை.

காதுகுத்துப் போட்டோவில் பிள்ளையின் காது மடல் கன்னத்தோடு ஒட்டியிருக்கிறது. கண்ணாடியில் பார்த்தேன். என் மடல் தனியாகத் தொங்குகிறது. வளர வளர மாறும் போலிருக்கிறது.


நவம்பர் 6

மெகர்நிஷா வாக்கரைக் கொடுத்து அடுப்படி வாசல் வரை நடக்கச் சொன்னாள். எட்டு அடி நடந்தேன். திரும்பும்போது வாக்கரின் ஒரு கால் பாயில் சிக்கி, நான் முன்னால் சாய்ந்தேன்.

அடுப்படியிலிருந்து அம்மா அலறினாள். "எப்சீ!"

நான் திரும்பினேன்.

விழவில்லை, மெகர்நிஷா பிடித்துக்கொண்டாள். ஆனால் நான் திரும்பினேன். சந்தனம் என்று கூப்பிட்டால் எப்படித் திரும்புவேனோ அப்படி, யோசிக்காமல்.

"எப்சி யாரும்மா?" என்று மெகர்நிஷா கேட்டாள்.

அம்மா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்தியிருந்தாள். "என்னமோ வாயில வந்துச்சு" என்றாள். அடுப்படிக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.


நவம்பர் 7

எப்சி. எழுதிப் பார்த்தேன். இதற்கு முன் நான் இதை எழுதியதே இல்லை. வலி 2.


நவம்பர் 14

தீபாவளிப் பலகாரம் கொடுக்கச் சங்கரலிங்கம் மாமா வந்தார். அம்மாவின் ஒரே தம்பி, சாத்தூரில் இருக்கிறார். அம்மா ரேஷன் கடைக்குப் போயிருந்தாள்.

"மாமா, எப்சி யாரு?"

மாமா வாயில் முறுக்கு. மெல்லுவதை நிறுத்திவிட்டார்.

"அக்கா சொல்லிட்டாளா?"

"சொல்லிட்டா" என்றேன். இரண்டாவது பொய்.

அவர் நம்பினாரா என்று தெரியாது. ஆனால் நாற்பது வருஷமாக யாராவது கேட்க மாட்டார்களா என்று இருந்தவர் மாதிரிப் பேச ஆரம்பித்தார். அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

"கோவில்பட்டியில அத்தான் ஜின்னிங் பேக்டரில வேலை பாத்தாரு. அப்ப எனக்குப் பதினேழு, அக்கா வீட்டுலதான் இருந்தேன். வரிசை வீடு. பின்னால பஞ்சுக் குடோன். பக்கத்து வீட்டுல ரெண்டு டீச்சர், புருஷன் பொண்டாட்டி. அவங்க கிறிஸ்தவங்க, காதல் கல்யாணம். ரெண்டு பக்கமும் ஒட்டு உறவு கிடையாது, ஊருக்கும் புதுசு. அவங்களுக்கும் ஒரு பொம்பளப் பிள்ளை. எப்சிபா. சந்தனத்துக்கும் அதுக்கும் ஒரே வயசு. ஒண்ணை விட்டு ஒண்ணு இருக்காது."

'சந்தனத்துக்கும்' என்று சொல்லும்போது அவர் என்னைப் பார்க்கவில்லை.

"கார்த்திகை மாசம், விடாத மழை. காலையில அக்கா தண்ணிக்குப் போயிருக்கா. சந்தனம் எந்திரிச்சதும் பக்கத்து வீட்டுக்கு ஓடிருச்சு விளையாட. குடோன் சுவர் ஊறிப்போய் இருந்திருக்கு. அப்படியே அந்த வீட்டு மேல சரிஞ்சது. அந்த ஒரு வீட்டு மேல மட்டும்."

எடைமேடையில் லாரி ஏறியதும் முள் கொஞ்ச நேரம் ஆடும். அது நிற்கும்வரை எழுதக் கூடாது. எனக்குள் ஆடியதும் நிற்கும்வரை காத்திருந்தேன்.

"டீச்சரும் சாரும் அங்கயே முடிஞ்சிட்டாங்க. மத்தியானம் வரைக்கும் தட்டித் தட்டி உடைச்சோம். கட்டிலுக்கு அடியில ரெண்டு பிள்ளைகளும் கையைப் பிடிச்சுக்கிட்டு இருந்துச்சு. பிரிக்கத்தான் கஷ்டமாப் போச்சு. ஒண்ணுக்கு உசுரு இருந்துச்சு. தொடை ஒடிஞ்சிருந்துச்சு. இன்னொண்ணுக்கு ஒண்ணுமே இல்ல, தூங்குற மாதிரி."

"எதுக்கு உசுரு இருந்துச்சு மாமா?"

"உனக்குத்தான் தெரியுமே."

"நீங்க சொல்லுங்க."

"எப்சிக்கு."

அதற்குள் தெருவில் அம்மாவின் செருப்புச் சத்தம் கேட்டது. மாமா எழுந்து அவசரமாகச் சொன்னார். பெரியாஸ்பத்திரியில் பெயர் எழுதிக்கொண்டு வந்தவன், அம்மா மடியிலிருந்த பிள்ளையைக் காட்டி, "இது யாரு பிள்ளை" என்று கேட்டானாம். "என் பிள்ளை. சந்தனமாரி" என்றாளாம் அம்மா. அவன் எழுதிக்கொண்டு போய்விட்டான். இறந்த பிள்ளை டீச்சர் பிள்ளை என்று பதிவானது. டீச்சர், சார் இருவரோடும் சேர்த்துக் கல்லறைத் தோட்டத்தில் புதைத்தார்கள்.

"டீச்சரம்மா தம்பி ஒருத்தன் ஓடி வந்தான். தன் அக்கா மகளை அதுக்கு முன்னாடி அவன் பாத்ததே இல்ல. உன் கட்டில் பக்கத்துலதான் நின்னு அழுதான். 'பாப்பாவுக்கு ரொம்ப வலிக்குதா'ன்னு எங்க அக்காகிட்டக் கேட்டான். நீ வாயே திறக்கல. ஒரு வருஷம் திறக்கல. மறுநாளே உன்னைத் தூக்கிக்கிட்டுப் போய் நாட்டுக்கட்டுப் போட்டாங்க, ஆஸ்பத்திரியில இருந்தா யாராவது கேப்பாங்கன்னு. பிறகு ஊரையே விட்டு வந்துட்டாங்க."

"அப்பா ஒண்ணும் சொல்லலியா?"

"மூணு நாள் யாரோடயும் பேசல. நாலாவது நாள் உனக்கு ஊட்டிவிட்டார். அவ்வளவுதான்."

அம்மா உள்ளே வந்தாள். எங்கள் முகங்களைப் பார்த்தாள். ரேஷன் பையைக் கீழே வைத்துவிட்டு, "காப்பி போடுறேன்" என்றாள்.


நவம்பர் 15

பேசவில்லை.


நவம்பர் 16

பேசவில்லை. ஆனால் கழிவறைக்குப் போக அவள் தோளைத்தான் பிடிக்க வேண்டியிருக்கிறது.


நவம்பர் 18

குளியல் நாள். முற்றத்தில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, காலை முக்காலியில் நீட்டிவைத்து, அம்மா வெந்நீர் ஊற்றுவாள். வெயில் நன்றாக அடித்தது. அவள் என் பின்னால் நின்று தலைக்கு ஊற்றிக்கொண்டிருந்தாள். முகம் பார்க்காமல் இருப்பது வசதியாக இருந்தது.

"அவ எப்படி இருந்தா?" என்று கேட்டேன்.

செம்பு பாதியில் நின்றது. பிறகு தண்ணீர் மெதுவாக இறங்கியது.

"ஒரு கீறல் இல்ல" என்றாள் அம்மா. "தலைமுடியில மட்டும் சுண்ணாம்புத் தூசி. நான்தான் குளிப்பாட்டினேன். சர்ச்சுல இருந்து வந்த பொம்பளைங்க கேட்டாங்க, நீங்க யாருன்னு. பக்கத்து வீட்டுக்காரின்னு சொன்னேன். பக்கத்து வீட்டுக்காரி எவ்வளவு அழலாமோ அவ்வளவுதான் அழுதேன்."

என் தலையில் சீயக்காயைத் தேய்க்க ஆரம்பித்தாள்.

"ஏம்மா அப்படிச் சொன்னே?"

"தெரியல. மடியில ஒரு பிள்ளை சூடா இருந்துச்சு. யாரு பிள்ளைன்னு கேட்டான். வாய் சொல்லிருச்சு. சொன்ன பிறகு திரும்ப எடுக்க முடியல. எடுத்தா, எடுத்த நிமிஷத்துல அவ செத்துருவா."

"அப்ப இத்தனை வருஷமும் நான் அவதானா உனக்கு?"

"மொத வருஷம் அப்படித்தான் இருந்தேன். பைத்தியம் மாதிரி. அவளுக்குக் கத்திரிக்காய் ஆகவே ஆகாது, வாந்தி எடுப்பா. நீ வாய் திறந்து பேசுன மொத வார்த்தையே, 'அம்மா, கத்திரிக்காய் இன்னும் வையி'. அன்னைக்கு அடுப்படில உக்காந்து அவகிட்டச் சொன்னேன். இவ நீ இல்லடி, வேற பிள்ளை, இவளையும் நான்தான் பாக்கணும், நீ கோவிச்சுக்கிடாதன்னு. அதுல இருந்து தினமும் சொல்லுவேன். நீ பத்தாவது பாஸானது, வேலைக்குப் போனது, எல்லாம்."

"எனக்குச் சொல்லலியே."

அவள் சீயக்காயைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். எனக்கு ஆத்திரமாக வந்தது. கோவில்பட்டிப் பக்கத்திலிருந்து வந்த மாப்பிள்ளைகளை எல்லாம் ஏன் தட்டிவிட்டாள், என்னைத் தனியாக ஒரு ஊருக்கும் ஏன் விட்டதில்லை என்று கத்தினேன். எனக்கு ஒரு அம்மா அப்பா இருந்தார்களே, அவர்கள் முகம் எப்படி இருக்கும் என்றுகூடத் தெரியாமல் பண்ணிவிட்டாயே என்றேன். முக்காலியிலிருந்து கால் நழுவித் தொடையில் மின்னல் அடித்தது. அம்மா கீழே உட்கார்ந்து இரண்டு கையாலும் இடது காலை ஏந்தி மறுபடி மேலே வைத்தாள். வைத்தபிறகும் கையை எடுக்கவில்லை. தழும்பின் மேல் நெற்றியை வைத்துக்கொண்டாள்.

"இதைத் தொட்டாலே, 'இது என் பிள்ளை கால் இல்ல'ன்னு தெரிஞ்சிரும். அதான் தொடமாட்டேன்" என்றாள்.

தலையில் நுரை காய்ந்தது. தண்ணீர் ஆறிவிட்டது.


நவம்பர் 19

காது மடல் வளர வளர மாறாது. அன்றைக்கே எனக்கு அது தெரியும். அதையும் எழுதி வைக்கிறேன்.


நவம்பர் 22

டாக்டர் படம் பார்த்தார். முக்கால்வாசி கூடிவிட்டது. புதிய முறிவு, வெட்டின இடம் இரண்டுமே. காரில் ஒரு மணி நேரம் போகலாமா என்று கேட்டேன். வாக்கரோடு, ஜாக்கிரதையாக என்றார்.

வெளியே வந்ததும் அம்மாவிடம், "எந்தத் தேதி?" என்று கேட்டேன். வருஷா வருஷம் கார்த்திகையில் ஒரு நாள் கோயிலுக்கு என்று தனியாகப் போய்வருவாளே, அதைத்தான். அவளுக்குப் புரிந்தது.

"இருபத்தெட்டு" என்றாள்.


நவம்பர் 28

அண்ணாச்சி கார் அனுப்பினார். அம்மாவும் நானும் கோவில்பட்டி போனோம்.

கல்லறைத் தோட்டம் ஊரை ஒட்டியே இருக்கிறது. ராத்திரி பெய்த மழையில் மண் ஊறியிருந்தது. வாக்கரின் நாலு கால்களும் ஒவ்வொரு அடிக்கும் புதைந்தன. யாரோ கீழேயிருந்து பிடித்து இழுப்பது போல, ஒவ்வொரு தடவையும் பிடுங்கி எடுக்க வேண்டியிருந்தது.

மூன்று கல்லறைகள். நடுவில் இருப்பது சின்னது. வெள்ளை அடித்து, எழுத்துகளுக்குப் புதிதாகக் கறுப்பு மை பூசியிருந்தார்கள்.

எப்சிபா. வயது 4. கர்த்தருக்குள் நித்திரையடைந்தாள்.

அதை நின்றுகொண்டு வாசித்தேன். ஒரு பக்கம் தேவகிருபை, இன்னொரு பக்கம் வில்சன். என் அம்மா அப்பா பெயர்களை நாற்பத்தி நாலு வயசில் கல்லில் பார்த்துத் தெரிந்துகொள்கிறேன். நடுவில் நான் செத்த தேதி. மூன்று பேரும் சேர்ந்து ஒரு குடும்பம் மாதிரிதான் படுத்திருக்கிறார்கள். நான் மட்டும் வெளியே நிற்கிறேன். உள்ளே இருப்பவள் என் இடத்தில் இருக்கிறாளா, நான் அவள் இடத்தில் இருக்கிறேனா என்று யோசித்தபோது வலது கைக்குள் அந்தக் கை வந்தது. பட்டப்பகலில், கண்ணைத் திறந்திருக்கும்போதே. வாக்கரை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

அம்மா ஈர மண்ணில் உட்கார்ந்தாள். கல்லைத் தடவி, "சந்தனம், வந்துட்டேன்டி" என்றாள். பிறகு சத்தம் போட்டு அழுதாள். அப்படி ஒரு அழுகையை நான் கேட்டதில்லை. பக்கத்து வீட்டுக்காரி அழுகிற அழுகை இல்லை அது.

தோட்டக்காரர் ஓடி வந்தார். ஐம்பது வயசு இருக்கும். "வருஷா வருஷம் வந்து பேசாம உக்காந்துட்டுப் போவாங்களே, இன்னைக்கு என்ன ஆச்சு?" என்று என்னிடம் கேட்டார்.

"யாருங்க வெள்ளை அடிக்கிறது?" என்றேன்.

"தேவாசீர்வாதம் ஐயா. அந்தக் குழந்தைக்குத் தாய்மாமா. போஸ்டாபீஸ்ல இருந்து ரிட்டயர் ஆயிட்டாரு, தூத்துக்குடியில இருக்காரு. கிறிஸ்மஸுக்கு முன்னாடி வந்து தன் கையாலதான் அடிப்பாரு, ஆள் வைக்கமாட்டாரு. இந்த வருஷம் முன்னாடியே வந்துட்டாரு. சின்னக் கல்லறைக்கு மட்டும் ரெண்டு கோட்டு."

அம்மா அழுகையை நிறுத்தியிருந்தாள். நிமிர்ந்து கல்லைப் பார்த்தாள். இத்தனை வருஷமும் அது ஏன் அழுக்காகவில்லை என்று அவள் யோசித்ததே இல்லை போலிருக்கிறது.

நான் நம்பர் கேட்டு வாங்கிக்கொண்டேன்.


டிசம்பர் 1

நம்பர் இருக்கிறது. பேசவில்லை. பேசினால் என்ன ஆகும்? போலீஸ், கேஸ் என்று போனால் அம்மா தாங்க மாட்டாள். பேசாவிட்டால் அறுபது வயசைத் தாண்டிய ஒரு மனிதர் அடுத்த வருஷமும் தூத்துக்குடியிலிருந்து பஸ் ஏறிச் சுண்ணாம்பு வாளியோடு போவார்.

மெகர்நிஷா வாக்கரை எடுத்துவிட்டு ஊன்றுகோல் கொடுத்தாள். வலி 1.


டிசம்பர் 3, ஞாயிறு

காலையில் இட்லி சாப்பிட்டு முடித்ததும் அம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்து எதிரில் உட்கார்ந்தாள்.

"போனைப் போடு."

"நான் பேசிக்கிறேம்மா. நீ உள்ள போ."

"நீ பேசக்கூடாது. நான் சொன்ன பொய்யி. போட்டு என் கையில குடு."

போட்டுக் கொடுத்தேன். ஸ்பீக்கரில் வைத்தேன். மூன்று தடவை அடித்து எடுத்தார்கள்.

"தேவாசீர்வாதம் பேசுறேன். யாருங்க?"

அம்மா போனை வாய்க்கு அருகில் கொண்டுபோனாள். குரல் நடுங்கவில்லை.

"ஐயா, என் பேரு சீனியம்மா. கோவில்பட்டி வரிசை வீட்டுல உங்க அக்காவுக்குப் பக்கத்து வீடு. உங்களுக்கு ஞாபகம் இருக்காது."

"சுவர் விழுந்தப்பவா? இருக்கும்மா. ஆஸ்பத்திரியில பாத்தேனே. உங்க மடியில ஒரு பாப்பா. தொடை ஒடிஞ்சு கிடந்துச்சு. அழக்கூடத் தெரியாம என்னையே பாத்துக்கிட்டு இருந்துச்சு. அந்தப் பார்வை எனக்கு மறக்கவே இல்லம்மா."

அம்மா கண்ணை மூடிக்கொண்டாள்.

"அதுதான்யா உங்க அக்கா பிள்ளை. எப்சி. நான் பொய் சொல்லிட்டேன். என் பிள்ளை செத்துப்போச்சு, உங்க பிள்ளையை எடுத்துக்கிட்டேன். மண்ணுக்குள்ள இருக்கிறது என் பிள்ளை. நாப்பது வருஷமா என் பிள்ளைக்கு நீங்கதான்யா வெள்ளை அடிச்சுக்கிட்டு இருந்திருக்கீங்க. எனக்குத் தெரியாதுய்யா. போன வாரம் வரைக்கும் தெரியாது."

அந்தப் பக்கம் ஒரு மின்விசிறி சுற்றுகிற சத்தம் மட்டும் கேட்டது. கட் பண்ணிவிட்டாரோ என்று திரையைப் பார்த்தேன். வினாடிகள் ஓடிக்கொண்டிருந்தன. நாற்பது, ஐம்பது, ஒரு நிமிஷம். அம்மா போனை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு, திட்டு வாங்கத் தலை குனிந்து உட்கார்ந்திருந்தாள்.

கடைசியில் அவர் தொண்டையைச் செருமினார்.

"கால்..." என்றார். மறுபடி ஆரம்பித்தார். "அந்தப் பாப்பாவுக்குக் கால் சரியாயிருச்சாம்மா?"

அம்மா என்னைப் பார்த்தாள். நான் ஊன்றுகோலைச் சுவரில் சாய்த்துவிட்டு எழுந்து, அவளை நோக்கி இரண்டு அடி வைத்தேன்.

"நடக்குறாய்யா" என்றாள் அம்மா. "இங்க வாங்க, வந்து பாருங்க. நடக்குறா."